மரப்பட்டையில் வாழும் எழுத்திலைக்கன்

மரத்தை ஒட்டி வாழ்வன யாவும் மரத்தை உண்டு வாழ்வன என்று கருதுவது உலக வழக்கு. மாமரக் கிளையிற் புல்லுருவி படர்ந்தால் அக்கிளை நாளடைவில் நலிந்து பட்டுப்போவதைத் தோட்டக்காரர் தலைமுறை தலைமுறையாகக் கண்டு வந்துள்ளனர். அவ்வனுபவத்தின் பயனாக, பட்டையில் வேறு யாது தோன்றினும் அதனையும் அவ்வினத்துட் சேர்த்துவிடுவது அவர்க்கு இயல்பாயிற்று. இவ்வாறு காரணமின்றிப் பழி சுமந்து நிற்பனவற்றுள் ஒன்று, மரத்தின் அடியிலே சுண்ணாம்பு நீர் தெளித்தாற்போல வெண்மையாகவும் சாம்பல் நிறமாகவும் படர்ந்திருக்கும் படையாகும். சிலாபத்திற்கும் புத்தளத்திற்கும் இடையே, முந்தல் ஏரியைச் சூழ்ந்து கிடக்கும் தென்னந்தோட்டங்களிலே இத்தகைய படைகளைக் காண்பது அரிதன்று. மனிதர் தோலிலே தேமல் படர்வதுபோல இது மரத்திற்கு வந்த தேமல் என எண்ணி, அதனைக் கத்தியாற் சுரண்டி எறிவாரும் உளர். சுண்ணாம்பு பூசி மறைப்பாரும் உளர். அப்படை யாது, அது மரத்திற்குக் கேடு செய்கின்றதா, அதனாற் பயன் யாதேனும் உண்டா என்பன ஆராய்தற்குரிய வினாக்களாம்.

அப்படை நோயுமன்று, அழுக்குமன்று, ஈரச் சுவரிற் படரும் பாசியுமன்று. தாவரவியலார் இலைக்கன் எனக் கூறும் உயிரினம் அது. உலகில் ஏறக்குறைய 20,000 இலைக்கன் இனங்கள் உள்ளன என மதிப்பிட்டுள்ளனர். அவற்றின் தோற்றத்தைக் கொண்டு அவற்றை மூவகையாகப் பிரிப்பது வழக்கம். மயிர்க்கற்றை போலத் தொங்கியும் சிறு செடிபோற் கிளைத்தும் வளர்வன செடியுரு இலைக்கன்கள். இலைபோல் விரிந்து, விளிம்பு உயர்ந்து நிற்பன இலையுரு இலைக்கன்கள். பட்டையோடு பட்டையாகவும் பாறையோடு பாறையாகவும், பெயர்த்தெடுக்க இயலாதவாறு ஒன்றிப் படர்வன பொருக்குரு இலைக்கன்கள்.

முதலிரு வகைகளும் தமிழர்க்கு முற்றிலும் புதியன அல்ல. கறிச்சரக்குக் கடைகளிலே கல்பாசி என விற்கப்படுவது ஓர் இலையுரு இலைக்கனே. செட்டிநாட்டுச் சமையலில் அதற்கு ஓர் இடமுண்டு. பாடசாலை ஆய்வுகூடத்தில் அமிலத்தையும் காரத்தையும் வேறுபடுத்தி அறிய உதவும் பாசிச்சாயம், உரொசெல்லா முதலிய செடியுரு இலைக்கன்களிலிருந்து பெறப்பட்டது. அவ்வுரொசெல்லா, வெப்பநாட்டுக் கரையோர மரங்களில் நரைத்த தாடிபோலத் தொங்குவது. 19ஆம் நூற்றாண்டில் ஊதாச் சாயம் எடுத்தற்பொருட்டு இலங்கையிலிருந்து மேனாட்டிற்கு அது ஏற்றுமதியாயிற்று. பொருக்குரு இலைக்கன்களோ உணவாகவும் பயன்படவில்லை, சரக்காகவும் விலைபோகவில்லை. ஆதலின் அவற்றைக் கூர்ந்து நோக்குவார் அரியராயினர்.

இப்பொருக்குரு வகையினுள் வெப்பநாட்டு மரங்களிற் பெருவழக்காகக் காணப்படுவது எழுத்திலைக்கன் எனக் கூறத்தக்க கிராபிசு என்னும் சாதி. வழுவழுப்பான பட்டையே அது விரும்பும் இடம். வெண்மையான அதன் உடலின்மீது கரிய சிறு கோடுகள் காணப்படும். அவற்றுட் சில நேரானவை, சில வளைந்தவை, சில கிளைத்து நட்சத்திரம்போல் விரிந்தவை. உற்று நோக்குவார்க்கு, அறியாத மொழியொன்றில் எவரோ எழுதிவைத்த ஏடுபோல அது தோன்றும். கிராபிசு என்னும் கிரேக்கச் சொல்லின் பொருள் எழுத்தாணி என்பதாகும். ஓலையிலே எழுத்தாணியாற் கீறி, அக்கீறலிலே மை தடவிய ஏட்டைக் கண்டவர்க்கு இப்பெயரின் பொருத்தம் விளக்கமின்றியே புலப்படும். இவ்விலைக்கனின் ஐரோப்பிய இனத்தை 1753ஆம் ஆண்டில் இலினேயசு ‘எழுதப்பட்ட இலைக்கன்’ என்னும் பொருளுடைய பெயரால் வழங்கினார். இலைக்கனியலின் தந்தை எனப் போற்றப்படும் சுவீடன் நாட்டு அக்காரியசு, 1809ஆம் ஆண்டில் அதனைக் கிராபிசுச் சாதியுட் சேர்த்தார். இன்று அச்சாதியில் 300க்கு மேற்பட்ட இனங்கள் ஏற்றுக்கொள்ளப்பட்டுள்ளன. அவற்றுட் பெரும்பாலன வெப்பமண்டலத்துக்குரியன.

அக்கரிய கோடுகள் வெறும் அலங்காரம் அல்ல. அவையே இவ்விலைக்கனின் கனியுடலங்கள். உழவுசால் எனப் பொருள்படும் இலத்தீன் சொல்லின் அடியாகத் தாவரவியலார் அவற்றிற்குப் பெயரிட்டுள்ளனர். சாலின் இருமருங்கும் மண் உயர்ந்து நிற்பதுபோல, கோட்டின் இருபுறமும் கரிபோற் கறுத்த கடினமான சுவர் உண்டு. அச்சுவர்களுக்கு இடையேயுள்ள ஒடுங்கிய பிளவினுள்ளே நுண்ணிய பைகள் நெருங்கி நிற்கும். ஒவ்வொரு பையிலும் பெரும்பாலும் எட்டு வித்திகள் இருக்கும். நுணுக்குக்காட்டியில் வைத்துப் பார்த்தால், ஒரு வித்தி குறுக்குச் சுவர்களாற் பல அறைகளாகப் பிரிக்கப்பட்டிருப்பதும், அவ்வறைகள் வில்லை வடிவாக இருப்பதும் தெரியும். அயடீன் கரைசல் ஒரு துளி பட்டவுடன் அவை ஊதா நிறம் பெறும்.

வித்தியின் நிறத்தையும் அறையமைப்பையும் மட்டுமே அடிப்படையாகக் கொண்டு இக்குடும்பத்தைச் சாதிகளாகப் பகுத்த முறை நெடுங்காலம் வழங்கி வந்தது. 2002ஆம் ஆண்டில் பெற்றினா இசுரைகர் என்னும் செருமானிய அறிஞர், கனியுடலத்தின் முழு அமைப்பையும் ஒப்புநோக்கி அப்பகுப்பைத் திருத்தியமைத்தார். பழைய நூல்களைக் கொண்டு இனங்காண முயலும் மாணவர் இம்மாற்றத்தை அறிந்திருத்தல் வேண்டும்.

இனி, இவ்வுயிரின் உள்ளியல்பை நோக்குவோம். இலைக்கன் தனியொரு தாவரம் என்பதே 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதிவரை அறிஞர் கொண்ட கருத்து. 1867ஆம் ஆண்டிற் சுவிற்சர்லாந்து நாட்டுச் சுவெண்டனர் என்பார், இலைக்கன் ஓருயிரன்று என்றும், பங்கசும் அல்காவும் கூடிய கூட்டமே அது என்றும் வெளியிட்டார். பங்கசை எசமானாகவும் அல்காவை அது சிறைப்பிடித்த அடிமையாகவும் அவர் உருவகித்தார். அக்காலத்து இலைக்கனியலாருள் முதல்வராய் விளங்கிய நைலாண்டர் இக்கருத்தை இறுதிவரை ஏற்கவில்லை. ஆயினும் உண்மை சுவெண்டனர் பக்கமே நின்றது. 1879ஆம் ஆண்டில் தெ பாரி என்னும் செருமானியர், வேறுபட்ட உயிர்கள் ஒன்றுகூடி வாழும் நிலையை ஒன்றியவாழ்வு என வரையறுத்துக் கூறியபோது, இலைக்கனே அதற்குச் சிறந்த சான்றாயிற்று. 2016ஆம் ஆண்டில் வெளிவந்த ஆராய்ச்சி, சில இலைக்கன்களின் மேற்றோலில் மதுவத்தை ஒத்த வேறொரு பங்கசும் உறைவதைக் காட்டியது. இருவர் குடும்பம் எனக் கருதப்பட்டது சிலவிடத்து மூவர் குடும்பமாகவும் இருத்தல் கூடும் என்பது அதனால் அறியப்பட்டது.

எழுத்திலைக்கனிற் பங்கசோடு கூடி வாழும் அல்கா, திரெந்தபோலியா என்னும் சாதியைச் சேர்ந்தது. பச்சை அல்கா வகுப்பினதாயினும் அது பச்சையாகத் தோன்றுவதில்லை. கரற்றுக் கிழங்கிற்கு நிறந்தரும் கரோட்டீன் அதன் கலங்களில் நிறைந்திருத்தலின் செம்மஞ்சள் நிறமாகத் தோன்றும். மழைக்குப்பின் மரவடிகளிலும் பழஞ்சுவர்களிலும் செம்மஞ்சட் பட்டு விரித்தாற்போலக் காணப்படுவது பெரும்பாலும் தனித்து வாழும் இவ்வல்காவே. எழுத்திலைக்கனின் வெண்பொருக்கை நகத்தால் இலேசாகக் கீறினால் அதனடியில் மஞ்சளும் பச்சையும் கலந்த படலம் வெளிப்படும். அதுவே இக்குடும்பத்தின் அடுக்களை. அல்கா ஞாயிற்றின் ஒளியையும் காற்றிலுள்ள காபனீரொட்சைட்டையும் கொண்டு உணவு ஆக்குகின்றது. பங்கசு அவ்வுணவிற் பங்கு கொள்கின்றது. அதற்கு ஈடாக அல்காவிற்கு உறையுளும் நிழலும் ஈரமும் அளிக்கின்றது.

இங்கேதான் முதல் வினாவிற்கு விடை கிடைக்கின்றது. தனக்கு வேண்டிய உணவைத் தன்னகத்தேயே ஆக்கிக்கொள்ளும் உயிருக்கு மரத்தின் சாற்றை உறிஞ்ச வேண்டிய தேவை இல்லை. நீரை மழையிலிருந்தும் பனியிலிருந்தும் அது பெறுகின்றது. பச்சை அல்காவைக் கொண்ட இலைக்கன்கள், நீர்த்துளி படாதபோதும் ஈரக்காற்றிலுள்ள ஆவியை மட்டுமே பற்றி ஒளித்தொகுப்பைத் தொடங்கவல்லன. கடலும் களப்பும் அருகே அமைந்த முந்தல் போன்ற இடங்களிலே, மழையற்ற மாதங்களிலும் விடியற்காலத்து ஈரம் அவற்றிற்கு உதவும். நண்பகல் வெயிலில் முற்றாக உலர்ந்து உறங்கிக் கிடந்து, மறுநாள் ஈரம் பட்டவுடன் விழித்தெழுவது அவற்றின் வாழ்க்கை முறை. உப்புச் சத்துக்களையும் காற்றிற் பறக்கும் தூசியிலிருந்தும் மழைநீரிலிருந்துமே அவை பெறுகின்றன. மரம் அவற்றிற்கு இருக்கை, உணவன்று.

எழுத்திலைக்கனின் பங்கசு இழைகள் பட்டையினுள்ளே சிறிது புகுவதுண்டு என்பது மெய்யே. ஆயின் அவை புகுவது உயிரற்ற வெளிப்புறத் தக்கைப் படையில் மட்டுமே. சாறு ஓடும் உள்ளிழையத்தை அவை தீண்டுவதில்லை. தென்னையோ ஒருவித்திலைத் தாவரம். மாவிற்கும் பலாவிற்கும் உள்ளது போன்ற பட்டை அதற்கு இல்லை; அதன் தண்டின் புறப்பகுதி உறுதியான முதிர்ந்த நார்களாலானது. அங்கே படரும் மெல்லிய பொருக்கு, காய்ப்பைக் குறைக்கும் என அஞ்சுதற்கு இடமில்லை.

அவ்வாறாயின், நலிந்த மரங்களிலே இப்படை மிகுதியாகக் காணப்படுவது ஏன் என வினவுதல் கூடும். இவ்வினாவினுள்ளே காரணமும் காரியமும் இடம்மாறி நிற்கின்றன. நலிந்த மரத்தின் இலைச்செறிவு குறைகின்றது. அதனால் அடிமரத்தில் ஒளி மிகுதியாக விழுகின்றது. அன்றியும் பட்டை உரிந்து புதுப்பிக்கப்படும் வேகமும் தளர்கின்றது. ஒளியும் அசைவற்ற இருக்கையும் கிடைத்தவிடத்து இலைக்கன் செழிக்கின்றது. மரம் நலிந்ததால் இலைக்கன் மிகுந்ததேயன்றி, இலைக்கன் மிகுந்ததால் மரம் நலியவில்லை. இதனை உணராது பொருக்கைச் சுரண்டுவார், உண்மையான நோயைத் தேடாது விட்டுவிடுகின்றனர். சுரண்டும் கத்தியினாற் பட்டையிற் புண் உண்டாக்கி, நோய்க்கிருமிகளுக்கு வாயிலும் திறந்துவிடுகின்றனர்.

உண்மையான தென்னை நோய் வேறு வகையிலே தோன்றும். சாறுவடியும் நோயில், தண்டின் வெடிப்புகளிலிருந்து செங்கபில நிற நீர் கசிந்து வழிந்து, உலர்ந்து கறுக்கும். அவ்விடத்தை வெட்டிப் பார்த்தால் உள்ளிழையம் அழுகியிருக்கும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இலங்கை அரசின் பங்கசியல் அறிஞராயிருந்த தொமசு பெச் என்பார் இந்நோயை ஆராய்ந்து எழுதினார். கசிவும் அழுகலும் காணப்படின் ஐயுறவேண்டும். புத்தளம் மாவட்டத்து லுணுவிலையில் அமைந்துள்ள தென்னை ஆராய்ச்சி நிலையத்தாரின் அறிவுரையை நாடவேண்டும். உலர்ந்த வெண்பொருக்கு மட்டுமே காணப்படின் அஞ்சவேண்டியதில்லை.

பங்கசு என்றவுடன் இத்தீவினர் அஞ்சுவதற்கு வரலாற்றிலே தக்க காரணம் உண்டு. 1869ஆம் ஆண்டில் இலங்கையிற் கண்டறியப்பட்ட கோப்பித் துருநோய் ஒரு பங்கசினால் விளைந்தது. இருபதாண்டு கழியுமுன் அது மலைநாட்டுக் கோப்பித் தோட்டங்களைச் சீரழித்தது. அந்நோயை ஆராய்தற்கு 1880ஆம் ஆண்டில் மாசல் உவாட் என்னும் ஆங்கில அறிஞர் இலங்கைக்கு அனுப்பப்பட்டார். இரண்டாண்டு இங்கே தங்கிய அவர், கோப்பி நோயோடு நில்லாது, இலைகளின்மீது வாழும் ஓர் அல்காவையும் அதனோடு பங்கசு கூடுவதால் உண்டாகும் இசுத்திரிகுலா என்னும் பொருக்குரு இலைக்கனையும் நுணுகி ஆராய்ந்து 1884ஆம் ஆண்டில் வெளியிட்டார். அவ்வல்கா இன்று செபலூரோசு எனப்படுகின்றது. அது எழுத்திலைக்கனின் திரெந்தபோலியாவிற்கு நெருங்கிய உறவு. ஆயினும் இயல்பு வேறு. திரெந்தபோலியா பட்டையின் வெளியே தங்குவது. செபலூரோசு இலையின் புறத்தோலின் கீழே புகுந்து வளர்வது. தேயிலை, மா, கொய்யா ஆகியவற்றில் செந்துரு எனப்படும் நோய்க்கு அதுவே காரணம். ஒரே குடும்பத்திற் பிறந்த இரண்டனுள் ஒன்று தீங்கற்றதாகவும் மற்றொன்று நோய்செய்வதாகவும் இருத்தலின், தோற்றத்தையும் இனத்தையும் கொண்டு உயிரின் ஒழுக்கத்தைத் தீர்மானித்தல் பொருந்தாது. அது உணவு பெறும் வழியை அறிந்தே தீர்மானித்தல் வேண்டும்.

இலைக்கன் தீங்கற்றது என்பதோடு அமையாது, பயனுடையது என்பதும் அறியத்தக்கது. அதற்கு வேர் இல்லை. புறத்தே மெழுகுப் பூச்சும் இல்லை. ஆதலின் காற்றிலும் மழையிலும் கலந்துவரும் யாவற்றையும் உடல் முழுவதாலும் அது உறிஞ்சுகின்றது. நல்லதையும் நஞ்சையும் பிரித்தறிந்து தள்ளும் வகை அதற்கு இல்லை. நிலக்கரிப் புகையிலுள்ள கந்தகவீரொட்சைட்டு அல்காவின் பச்சையத்தைச் சிதைக்கின்றது. அல்கா இறந்தாற் பங்கசும் இறக்கின்றது. மேலே கூறிய நைலாண்டரே, பாரிசு நகரத்து இலட்சம்பூர்குப் பூங்காவின் இலைக்கன்கள் நகரின் பிறவிடங்களிற் காணப்படாமையை 1866ஆம் ஆண்டில் எடுத்துக்காட்டி, காற்றின் தூய்மையை அளக்கும் கருவியாக அவற்றைக் கருதலாம் என்றார். பின்னர் அப்பூங்காவிலிருந்தும் அவை மறைந்தன. காற்றிலே கந்தகம் குறைந்தபின் அவற்றுட் பல மீண்டு குடியேறியதை 1991ஆம் ஆண்டில் வெளியான ஓர் ஆய்வு தெரிவித்தது. 1970ஆம் ஆண்டில் ஓக்சுவேத்து, உரோசு என்னும் இருவர், மரங்களில் வாழும் இலைக்கன் இனங்களைக் கொண்டே காற்று மாசின் அளவைக் கணிக்கும் அட்டவணையொன்றை இங்கிலாந்திற்கு வகுத்தனர்.

இச்செய்தி முந்தற் கரையோரத்திற்கும் உரியது. வடக்கே, கற்பிட்டிக் குடாநாட்டிலுள்ள நுரைச்சோலையில் 2011ஆம் ஆண்டு முதல் நிலக்கரி அனல்மின் நிலையம் இயங்கி வருகின்றது. புத்தளத்தின் அருகே சீமெந்து ஆலையும் உண்டு. சுண்ணக்கற்றூசி பட்டையின் அமிலத் தன்மையை மாற்றி, அதில் வாழும் இலைக்கன் இனங்களையும் மாற்றவல்லது. களப்புக் கரையிலோ, 1980களிலும் 1990களிலும் இறால் வளர்ப்புக் குளங்களுக்காகக் கண்டற்காடுகள் பரந்த அளவில் வெட்டப்பட்டன. மரம் வீழ்ந்தபோது அதன் பட்டையில் வாழ்ந்தனவும் வீழ்ந்தன. வளர்ச்சியிற் பொருக்குரு இலைக்கன் மிக மந்தமானது. ஓராண்டில் ஒரு மில்லிமீற்றரோ அதனினும் குறைவோ விரிவது பொதுவியல்பு. உள்ளங்கையளவான ஒரு படை உண்டாவதற்குப் பல பத்தாண்டுகள் செல்லும். அதனைச் சுரண்டி எறிவதற்கோ ஒரு நிமிடமும் வேண்டா.

இலங்கையின் இலைக்கன்கள் ஆராயப்படாதவை அல்ல. 1849 முதல் 1880 வரை பேராதனைப் பூங்காவின் தலைவராயிருந்த துவெயிற்சு சேர்த்தனுப்பிய இலைக்கன்களை, இலெய்ற்றன் என்னும் ஆங்கிலக் குரு இனங்கண்டு இலினேயசுக் கழகத்தின் வாயிலாக வெளியிட்டார். 1900ஆம் ஆண்டில் நைலாண்டரின் இலங்கை இலைக்கன் நூல் வெளிவந்தது. 1981ஆம் ஆண்டில் அமெரிக்கராகிய மேசன் ஏல், எழுத்திலைக்கனுக்கு உறவான பொருக்குரு வகையொன்றை இலங்கை அளவில் ஆராய்ந்து எழுதினார். 1991ஆம் ஆண்டில் இலக்னோவைச் சேர்ந்த அவசுத்தி, இந்தியா, நேபாளம், இலங்கை ஆகிய மூன்று நாட்டு நுண்ணிலைக்கன்களையும் இனங்காண்பதற்குத் திறவுகோல் நூலொன்றை இயற்றினார். இலங்கையராகிய கோதமி வீரக்கோனின் படங்கள் நிறைந்த நூல் 2015ஆம் ஆண்டில் வெளிவந்தது. ஆயினும் இம்முயற்சிகள் பெரும்பாலும் மலைநாட்டையும் ஈரவலயக் காடுகளையுமே சார்ந்தன. உலர்ந்த கரையோரத்திற்கு ஒப்புநோக்கத்தக்க ஆய்வு கடலுக்கு அப்பால் உண்டு. பிச்சாவரத்திலும் முத்துப்பேட்டையிலும் உள்ள கண்டற்காடுகளின் இலைக்கன்களைத் தமிழ்நாட்டு ஆய்வாளர் பட்டியலிட்டு 2012ஆம் ஆண்டில் வெளியிட்டனர்; எழுத்திலைக்கன் குடும்பம் அதில் இடம்பெற்றது. சிதம்பரத்தின் தலமரமாகிய தில்லையும் கண்டலும் வெண்கண்டலும் அங்கே போலவே புத்தளக் களப்புக் கரையிலும் வளர்வன. ஆதலின் அவ்வாய்வு முந்தற் பகுதி மாணவர்க்கு நல்ல வழிகாட்டியாகும்.

இதற்குப் பெரும் பொருட்செலவு வேண்டியதில்லை. பத்து மடங்கு பெருப்பிக்கும் கைவில்லை ஒன்றும், ஒளியூடுருவும் தாளும், அளவுகோலும் போதியன. பாடசாலை வளவிலோ தோட்டத்திலோ வெட்டப்படாது நிற்கும் முதிய மரங்கள் சிலவற்றைத் தெரிந்து, ஒவ்வொன்றிற்கும் எண்ணிடல் வேண்டும். நிலத்திலிருந்து ஒரே உயரத்தில், ஒரே திசையில் உள்ள படைகளின்மீது தாளை வைத்து அவற்றின் விளிம்பை வரைந்து, மரத்தின் பெயரும் திகதியும் குறித்து வைத்தல் வேண்டும். மறு ஆண்டு அதே மாதத்தில் அதே படைகளை மீண்டும் வரைதல் வேண்டும். இனத்தின் பெயர் தெரியாதவிடத்து, வெள்ளை, சாம்பல், கரிய கோடுடையது, கோடற்றது எனப் பிரித்தெழுதினும் போதும்; பெயரைப் பின்னர் வல்லுநரிடம் கேட்டறியலாம். பத்தாண்டுத் தாள்களை ஒன்றன்மீது ஒன்றாக அடுக்கி நோக்கின், எம்மரத்தின் படை விரிந்தது, எதன் படை சுருங்கியது, எப்பக்கத்து மரங்களில் முற்றாக மறைந்தது என்பன தெளிவாகும். இக்கரையோரத்துக் காற்றைப் பற்றிய அத்தகைய சான்றினைப் பெறுதற்கு முதற்கண் செய்ய வேண்டியது, மரவடியிற் கத்தி வைக்காதிருத்தலே.